இடது பக்கம் நின்றவர்கள்

மார்ச் 3

தம்பிக்கு,

அக்காவே எழுதிவிட்டாள், கோபம் தீர்ந்துவிட்டது என்று நினைத்துக்கொள்ளாதே. தீரவில்லை. ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்யும்போது வழக்கம்போல அப்பாவிடமே பேசிக்கொள். நான் எடுக்க மாட்டேன் என்று சொன்னது சொன்னதுதான். பக்கவாதம் வந்த அப்பாவை ஆஸ்பத்திரியில் இருந்து கூட்டிவந்த வாரமே கப்பலேறியவனிடம் எனக்குப் பேச ஒன்றும் இல்லை.

இது வேலை விஷயம். நீ விட்டுப்போன அட்டைப்பெட்டியில் சோப்புப் பெட்டி அளவுக்குக் கறுப்பாக ஒரு சாமான் இருக்கிறது. விளையாடுகிற படத்தை லேப்டாப்பில் ரெக்கார்ட் செய்ய அதைத்தான் வைத்திருந்தாய் என்று ஞாபகம். அது எனக்கு வேண்டும். வயர்களை மாட்டிப் பார்த்தேன். லேப்டாப்பிலும் கறுப்பு, டிவியிலும் கறுப்பு.

எதற்கு என்று கேட்பாய். அப்பா உன் கேம் பெட்டியில் தினமும் பஸ் ஓட்டுகிறார். கைக்கும் பயிற்சி, பொழுதும் போகும் என்று டாக்டரம்மாதான் ஆரம்பித்து வைத்தார். இப்போது அப்பாவுக்குக் கார் சாவி வேண்டுமாம். நான் தர மாட்டேன். கிளினிக்கில் பத்து நிமிஷம் உட்காரும்போது அப்பா மாப்பிள்ளை மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து எல்லாவற்றுக்கும் சரியாகப் பதில் சொல்லிவிடுகிறார். அதனால் அவர் விளையாடுவதை ரெக்கார்ட் செய்து கொண்டுவரச் சொன்னார் டாக்டரம்மா. அதைப் பார்த்துவிட்டுத்தான் கார் ஓட்டலாமா கூடாதா என்று எழுதிக் கொடுப்பாராம். மாசக் கடைசி வெள்ளிக்கிழமை போக வேண்டும்.

போனில் எடுத்துப் பார்த்தேன். பின்னால் ஆள் நிற்பது தெரிந்ததும், "என்ன, சாட்சி சேக்கறியா?" என்று ரிமோட்டைக் கீழே வைத்துவிட்டார்.

எந்த வயர் எங்கே போக வேண்டும் என்று மட்டும் எழுது.

அக்கா

•

மார்ச் 5

அக்கா,

உன் மெயிலைப் பார்த்ததும் சாப்பாட்டு ஹாலிலேயே எழுந்து நின்றுவிட்டேன். பக்கத்தில் இருந்த சமையல்காரர், வீட்டில் ஏதாவது விசேஷமா என்று கேட்டார். அக்கா பேசுகிறாள் என்றேன். திட்டுகிறாளா என்றார். ஆமாம் என்றேன். அப்போது சரி என்று என் தட்டில் இன்னொரு கரண்டி வைத்தார்.

முதலில் வேலையைச் சொல்கிறேன். சோப்புப் பெட்டியின் முதுகில் ஒரே மாதிரி இரண்டு ஓட்டை இருக்கும். ஒன்றில் இன், இன்னொன்றில் அவுட் என்று பொடி எழுத்தில் போட்டிருக்கும். கன்சோலில், அதாவது கேம் பெட்டியில், இருந்து வருகிற வயர் இன்னுக்குள் போக வேண்டும். அவுட்டில் இருந்து டிவிக்கு. முன்பக்கம் இருக்கிற சின்ன ஓட்டையில் இருந்து லேப்டாப்புக்கு. நீ பின்னால் இரண்டையும் மாற்றிப் போட்டிருப்பாய். நானே நாலு தடவை மாற்றிப் போட்டிருக்கிறேன். போட்டோ அனுப்பாதே. இந்தக் கப்பல் மெயிலில் எழுத்து மட்டும்தான் வரும். நீ பார்ப்பதை நீயேதான் எழுத வேண்டும்.

இப்போது நான் கேட்கிறேன். இதெல்லாம் எதற்கு? வாராவாரம் அப்பாவோடு பேசுகிறேன். குரல் கணீரென்று இருக்கிறது. போன வாரம் இஞ்சின் சத்தத்தை வைத்தே என் கப்பல் எவ்வளவு வேகத்தில் போகிறது என்று சொன்னார். ஆயுசு முழுக்க பஸ் ஓட்டியவர், ஒரு விபத்து கிடையாது. அவரை வீட்டுக்குள் பூட்டி வைத்துவிட்டு சாவியை நீ வேலை பார்க்கிற மூக்குக்கண்ணாடிக் கடையில் ஒளித்து வைத்திருக்கிறாயாம். எனக்கு எப்படி இருக்கும் சொல்.

தம்பி

•

மார்ச் 7

தம்பிக்கு,

நீ சொன்னபடி மாற்றினேன். டிவியில் படம் வந்துவிட்டது. லேப்டாப்பில் வரவில்லை. அதே கறுப்பு. ஒரே பெட்டியில் இருந்து ஒரு பக்கம் படம் போகிறது, இன்னொரு பக்கம் போகவில்லை என்றால் என்ன அர்த்தம்? பெட்டியில் வெள்ளை விளக்கு எரிகிறது. லேப்டாப்பில் உன் ரெக்கார்டிங் சாஃப்ட்வேரைத் திறந்தேன். ஏதேதோ கட்டங்கள், அடியில் பச்சைக் கோடு ஒன்று எகிறி எகிறிக் குதிக்கிறது. அது நல்லதா கெட்டதா தெரியவில்லை. தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை.

அப்பாவைப் பற்றிக் கேட்டாயே, சொல்கிறேன். காலையில் முகச்சவரம் செய்துகொண்டு வெளியே வருகிறார். வலது கன்னம் பளபளவென்று இருக்கிறது. இடது கன்னத்தில் சோப்பு நுரை அப்படியே. "முடிஞ்சுதாப்பா?" என்றால், "முடிஞ்சுது, ஏன்?" என்கிறார். சாப்பிட வைத்தால் தட்டில் வலது பாதி காலி, இடது பாதி தொடாமல் இருக்கும். இன்னும் பசிக்கிறது என்பார். தட்டை அரைச்சுற்று திருப்பி வைத்தால், "இப்பதான் போட்டியா?" என்று மீதியைச் சாப்பிடுவார். இதற்கு நான் என்ன சொல்லட்டும்?

கண் கோளாறு என்று நினைத்து எங்கள் கடைக்கே கூட்டிப்போய் பரிசோதித்தேன். கண் பழுதில்லை. பரிசோதிக்கிறவரே இரண்டு தடவை பார்த்துவிட்டு, கண்ணில் ஒன்றும் இல்லை, டாக்டரிடம் போங்கள் என்றார். கண் பார்க்கிறது, மூளை இடது பக்கத்தைக் கணக்கில் சேர்த்துக்கொள்வதில்லை என்கிறார் டாக்டரம்மா. அப்பாவைப் பொறுத்தவரை அந்தப் பக்கம் இருட்டாக இல்லை, அந்தப் பக்கமே கிடையாது. எனக்கே இது முழுக்கப் புரியவில்லை. உனக்கு எழுத்தில் எப்படிப் புரியவைப்பது?

கறுப்புக்கு வழி சொல்.

அக்கா

•

மார்ச் 8

அக்கா,

சவரம், சாப்பாடு எல்லாம் கொஞ்ச நாளில் சரியாகிவிடும். நம் அப்பா எப்போது ஒழுங்காகச் சவரம் செய்தார்? நீ எதையும் பெரிதாக்கித்தான் பார்ப்பாய். சின்ன வயதில் எனக்குச் சளி பிடித்தாலே பக்கத்து வீட்டுக்கெல்லாம் சொல்லி வருகிறவள்.

பச்சைக் கோடு குதிப்பது ரொம்ப நல்லது. சத்தம் வந்து சேருகிறது என்று அர்த்தம். படம்தான் வரவில்லை. ஒவ்வொன்றாகச் செய்.

லேப்டாப்பில் வயர் மாட்டுகிற ஓட்டைகளில் உள்ளே நீலமாக இருப்பதில் மாட்டு. கறுப்பில் மாட்டினால் திணறும்.

சாஃப்ட்வேரில் அந்தக் கறுப்புக் கட்டத்தின் நடுவில் மவுஸின் வலது பட்டனை அழுத்து. நீளமாக ஒரு பட்டியல் விழும். அதில் திரைக்குப் பொருத்து என்பதை மட்டும் தொடு. மற்றதைத் தொடாதே.

அப்புறம் முக்கியமானது, பெரும்பாலும் இதுதான் காரணமாக இருக்கும். சினிமாவைத் திருடிக் காப்பி எடுத்துவிடக் கூடாது என்று கன்சோலுக்குள்ளேயே ஒரு பூட்டு வைத்திருக்கிறார்கள். அது ஆனில் இருந்தால் டிவிக்குப் படம் போகும், ரெக்கார்ட் செய்கிற பெட்டிக்குப் போகாது. செட்டிங்ஸ் போ, சிஸ்டம் போ, கீழே கீழே இறங்கிக் கடைசி வரிக்கு வா. காப்பிப் பாதுகாப்பு என்று இருக்கும். அதை ஆஃப் செய்.

வந்ததும் எழுது.

தம்பி

•

மார்ச் 11

தம்பிக்கு,

வந்தது. போய்விட்டது.

ஞாயிறு காலையில் அந்தப் பூட்டை ஆஃப் செய்தேன். லேப்டாப்பில் கறுப்பு விலகி பஸ் வந்து நின்றது. நான் தனியாக இருந்தும் கை தட்டினேன் என்றால் பார்த்துக்கொள். ஆனால் படம் ஒரு மாதிரி இருக்கிறது. பஸ் நம்பர், கடைப் பலகை எல்லாம் கண்ணாடியில் பார்க்கிற மாதிரி திரும்பிக் கிடக்கிறது. டிரைவர் சீட்டு அந்தப் பக்கம் போய்விட்டது. டிவியில் மட்டும் நேராக இருக்கிறது. நீ தொடாதே என்ற பட்டியலில் எதையோ தொட்டிருப்பேன். எதை என்று தெரியவில்லை. அதை எடுக்கப் போய் வேறு ஏதாவது ஆகிவிடும் என்று அப்படியே விட்டுவிட்டேன்.

திங்கட்கிழமை கடையில் இருந்து வந்து, அப்பா பஸ் ஓட்ட உட்கார்ந்ததும் ரெக்கார்டைப் போட்டேன். மறுபடியும் கறுப்பு. நான் ஒன்றையும் தொடவில்லை. வயர் எல்லாம் அதே இடம். வெள்ளை விளக்கும் எரிகிறது. ஒரே நாளில் எப்படிச் செத்துப்போகும்?

கடையில் இன்று ஒருவருக்கு அடுத்தவர் கண்ணாடியை மாட்டிக் கொடுத்துவிட்டேன். அவரும் போட்டுக்கொண்டு நன்றாகத் தெரிகிறது என்று போய்விட்டார். வாசலில் இடித்துக்கொண்டு திரும்பி வந்தார். என் மண்டை அந்த நிலையில் இருக்கிறது.

அக்கா

•

மார்ச் 12

அக்கா,

திரும்பித் தெரிவது பரவாயில்லை. அப்புறம் ஒரே நிமிஷத்தில் சரி செய்யலாம். முதலில் படம் நிற்கட்டும். இப்போதைக்கு அந்தப் பட்டியல் பக்கமே போகாதே.

வந்த படம் ஏன் போனது என்று எனக்கும் புரியவில்லை. இங்கே இஞ்சின் ரூமில் ஒரு பம்பு காரணமில்லாமல் நின்றாலே எனக்குத் தூக்கம் வராது. இது கடல் தாண்டி இருக்கிறது, கையால் தொட முடியவில்லை. லேப்டாப்பை ஒருமுறை அணைத்துப் போடு. பெட்டி வயரைக் கழற்றி மாட்டு. பூட்டு ஆஃபிலேயே இருக்கிறதா என்றும் ஒரு பார்வை பார். தானாக ஆன் ஆகாது, இருந்தாலும் பார்.

ஒன்று சொன்னால் சிரிப்பாய். ஞாயிறு போனில் அப்பாவும் இதே பாட்டுதான். "படம் வரலடா" என்றார். அவர் சொன்னது கேம் பெட்டியில் போட்டுப் பார்க்கிற சினிமா. நான் அவர் ரூமில் வைத்துவிட்டு வந்த பழைய கன்சோலில் ஏதோ செட்டிங் மாறியிருக்கிறது போல. போனிலேயே வழி சொன்னேன். டக்கென்று பிடித்துக்கொண்டு சரி செய்துவிட்டார். உன்னைவிட சீக்கிரம். இந்த மனுஷனுக்கா மூளையில் கோளாறு?

சினிமாவைப் பற்றி அவர் விமர்சனம் இன்னும் பிரமாதம். "இந்தக் காலத்துப் படத்தில எல்லாரும் தனியா நின்னு பேசிக்கறாங்கடா. பதில் சொல்ல ஆளே இல்ல" என்றார். மெஸ்ஸில் சொன்னேன், எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

தம்பி

•

மார்ச் 16

தம்பிக்கு,

உனக்குச் சிரிப்பாக இருக்கிறது.

பூட்டைப் பார்த்தேன். ஆனில் இருந்தது. ஆஃப் செய்தேன், படம் வந்தது. மறுநாள் சாயந்திரம் பார்த்தால் மறுபடி ஆன். திரும்பவும் ஆஃப் செய்தேன். நேற்று மறுபடி ஆன். தானாக ஆகாது என்று நீ எழுதியிருக்கிறாய். நான் செய்யவில்லை. வீட்டில் இன்னொரு ஆள்தான் இருக்கிறார்.

அவரிடம் கத்திவிட்டேன். "நான் ரெக்கார்ட் பண்ணக் கூடாதுன்னு நீங்கதான மாத்தி மாத்தி வைக்கறீங்க?" என்றேன். "என்ன ரெக்கார்டு?" என்றார். இந்தப் பெட்டி விஷயம் அப்போதுதான் அவருக்குத் தெரியும். சோப்புப் பெட்டியைக் கையில் எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "நான் பஸ் ஓட்டுனப்ப பின்னாடி அறுபது பேர் உக்காந்திருப்பாங்க. ஒருத்தர் என்னை வேவு பாத்ததில்ல" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார். அதோடு விளையாட்டும் நின்றது. ஹாலுக்கே வருவதில்லை. அந்த முகத்தைப் பார்த்தால் அவர் பொய் சொன்னதாகத் தெரியவில்லை. அவர் செய்யவில்லை என்றால் வேறு யார்? எனக்குப் பைத்தியம் பிடித்துவிடும் போல இருக்கிறது.

அவர் ரூமில் இருக்கிறது என்கிறாயே, அந்த டிவியும் பழைய பெட்டியும் அங்கே இல்லை. நீ கப்பலேறிய மறுவாரமே எடுத்துவிட்டேன். கதவுக்கு இடது பக்கம் அந்த மேஜை இருந்தது. உள்ளே போகும்போதெல்லாம் நேராக அதில் போய் இடித்துக்கொள்வார். முழங்காலில் ரத்தக்கட்டு. இடித்த பிறகும், "இங்க யாருடி மேஜையைக் கொண்டுவந்து போட்டது?" என்பார். அதே மேஜை நாம் பள்ளிக்கூடம் போன காலத்தில் இருந்து அங்கேதான் இருந்தது. அதனால் அவர் சினிமா பார்ப்பதும் ஹால் டிவியில், இதே கேம் பெட்டியில்தான், நான் கடையில் இருக்கும் நேரத்தில்.

டாக்டரிடம் போக நாள் நெருங்குகிறது. கையில் ஒன்றும் இல்லாமல் போனால் அப்பா பேசியே கையெழுத்து வாங்கிவிடுவார். அப்புறம் நம் தெருவில் இடது பக்கம் நடந்துபோகிறவர்கள் கதி என்ன என்று நினைத்துப் பார்.

அக்கா

•

மார்ச் 17

அக்கா,

அப்பாவைத் திட்டாதே. நான்தான்.

உன் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். பூட்டு ஆஃபில் இருந்தால் ரெக்கார்ட் ஆகும், ஆனால் சினிமா ஓடாது. ஆனில் இருந்தால் சினிமா ஓடும், ரெக்கார்ட் ஆகாது. ஞாயிறு காலையில் நீ ஆஃப் செய்திருக்கிறாய். நீ கடைக்குப் போன பிறகு அவர் மத்தியானம் சினிமா போட்டிருக்கிறார். வரவில்லை. என்னைக் கேட்டார். அவர் ரூம் கன்சோல் என்று நினைத்து, செட்டிங்ஸ் போங்க, கடைசி வரிக்கு வாங்க, ஆன் பண்ணுங்க என்று நானே பாடம் எடுத்தேன். அதற்கப்புறம் அவரே தினமும் செய்துகொள்கிறார். உனக்கு எழுத்தில் ஆஃப், அவருக்கு வாயால் ஆன். ஒரே வீட்டில் இரண்டு பேரும் என்னைக் கேட்டீர்கள், ஒருவரை ஒருவர் கேட்கவில்லை. நானும் ஒருத்தரிடம் சொன்னதை இன்னொருத்தரிடம் சொல்லவில்லை.

இதுகூடப் பரவாயில்லை. அந்த சினிமா விஷயத்தைப் பற்றித்தான் எழுதக் கை வரவில்லை. எல்லாரும் தனியாக நின்று பேசுகிறார்கள் என்றாரே. பதில் சொல்கிறவர்கள் திரையில் இடது பக்கம் நின்றிருப்பார்கள், இல்லையா? நான் அதைச் சொல்லி மெஸ்ஸில் சிரிக்க வைத்தேன். நீ தட்டு, சவரம், மேஜை என்று எழுதிக்கொண்டே இருந்தாய். நான் நம்பவில்லை. போனில் கேட்கிற குரலுக்கு இடது வலது கிடையாது அக்கா. எனக்கு அவர் முழு ஆளாகத்தான் கேட்டார்.

இன்னொன்று. இதைப் படித்ததும் உடனே போய்ப் பார். என் ஹெல்மெட் அலமாரி மேலே இருக்கிறது. அதன் உள்ளே பஞ்சுக்கு அடியில் காரின் இன்னொரு சாவி இருக்கிறது. போன மாதமே அப்பாவிடம் அதைச் சொல்லிவிட்டேன். உங்க கார், உங்க சாவி, அவ யாரு தடுக்கறதுக்கு என்று வேறு சொன்னேன்.

அந்தச் சாவி அங்கே இருந்தால் எடுத்து வை. இல்லை என்றாலும் ஒரு வரி எழுது. நான் இங்கே எதையும் கையால் தொட முடியாமல் உட்கார்ந்திருக்கிறேன்.

தம்பி

•

மார்ச் 18

தம்பிக்கு,

ஹெல்மெட்டில் சாவி இல்லை.

கேட்டேன். "எந்தச் சாவி?" என்றார். காரின் பேட்டரி வயரைக் கழற்றிவிட்டேன். கழற்றத் தெரியாமல் விரலைக் கிழித்துக்கொண்டேன். நாளைக்கு அவர் மெக்கானிக்கைக் கூப்பிட்டால் ஐந்து நிமிஷத்தில் மாட்டிக்கொடுத்துவிட்டுப் போவான். என்னால் தினமும் வாசலில் காவல் இருக்க முடியாது. அவரைக் கட்டிப்போடவும் முடியாது, அப்படி நான் வளரவில்லை.

உன்னை என்ன சொல்லித் திட்டுவது என்று தெரியவில்லை. அதனால் வேலை சொல்கிறேன். ஞாயிறு போனில் அவரைத் திரும்பவும் விளையாட வை. நீ சொன்னால் கேட்பார். நான் வேவு பார்க்கிறவள்.

அக்கா

•

மார்ச் 23

அக்கா,

இப்போதுதான் போனை வைத்தேன். அப்பாவிடம் உள்ளதைச் சொன்னேன். "பூட்டை ஆன் பண்ணச் சொன்னது நான், ஆஃப் பண்ணச் சொன்னதும் நான், அக்கா மேல தப்பில்ல" என்றேன். கேட்டுக்கொண்டார். அப்புறம் சிரித்தார். "நீ ஒரு டிப்போவுக்கு மேனேஜரா வந்திருந்தா எல்லா பஸ்ஸும் ஒண்ணோட ஒண்ணு மோதியிருக்கும்" என்றார்.

நீங்க ஓட்டறத டாக்டருக்குக் காட்டணும், ரெக்கார்ட் பண்ண விடுங்க என்றேன். "காட்டேன். எனக்கென்ன பயம்? நான் ஓட்டறது உன் அக்காவுக்கும் தெரியட்டும்" என்றார். குரலில் அவ்வளவு நம்பிக்கை.

சாவியைப் பற்றிக் கேட்டேன். லைன் சரியில்லை என்று சொல்லிவிட்டார். லைன் நன்றாகத்தான் இருந்தது.

தம்பி

•

மார்ச் 25

தம்பிக்கு,

நேற்று சாயந்திரம் ரெக்கார்ட் ஆகிவிட்டது. இன்று நடந்ததையும் சேர்த்து எழுதுகிறேன். உனக்கு வீடியோ அனுப்ப வழியில்லை, அதனால் எழுத்திலேயே பார்த்துக்கொள்.

அப்பா பழைய யூனிஃபார்ம் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்து உட்கார்ந்தார். மேல் பட்டன் வரை போட்டிருந்தார், இடது கை மடிப்பு மட்டும் அவிழ்ந்து தொங்கியது. பாக்கெட்டில் சாவி இருந்தது. துணிக்கு மேலேயே அதன் வடிவம் தெரிந்தது. நான் பார்த்தேன் என்று அவருக்கும் தெரியும். பூட்டு ஆஃபா என்று பார்த்துவிட்டு ரெக்கார்டைப் போட்டேன். படம் வந்தது. அதே திரும்பிய படம். கண்ணாடி மாதிரி. அதைச் சரி செய்ய நீயும் சொல்லித்தரவில்லை, நானும் கேட்கவில்லை.

அவர் ஓட்டியதை டிவியில் பக்கத்தில் இருந்தே பார்த்தேன். வலது பக்கம் ஒரு குறை சொல்ல முடியாது. சிக்னலில் நிற்கிறார், வளைவில் வேகத்தைக் குறைக்கிறார், ஓவர்டேக் செய்கிற வண்டிக்கு வழிவிடுகிறார். அந்த விளையாட்டில் பஸ் நிறுத்தமெல்லாம் இடது பக்கம். ஒரு நிறுத்தத்தில்கூட நிற்கவில்லை. குடையோடு நிற்கிறார்கள், பை வைத்துக்கொண்டு நிற்கிறார்கள். பஸ்ஸைப் பார்த்துக் கை நீட்டுகிறார்கள். இவர் நேரே போய்க்கொண்டே இருக்கிறார். சைக்கிளில் போன ஒருத்தியை இடித்தார். தவறு என்று சிவப்பில் எழுத்து வந்தது, அதுவும் இடது மூலையில்தான் வந்தது. முடித்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்து, "எப்படி?" என்றார். நான் சமையலறைக்குப் போய்விட்டேன்.

இன்று எனக்கு லீவு. டாக்டரம்மாவுக்குக் காட்டுவதற்கு முன்னால் ஒருமுறை பார்த்துவிடலாம் என்று லேப்டாப்பில் ஓடவிட்டேன். அப்பா பின்னால் வந்து நின்றதை நான் கவனிக்கவில்லை.

"யாரு ஓட்டறது?" என்றார்.

எனக்கு ஒன்றும் புரியவில்லை. அப்புறம் புரிந்தது. படம் திரும்பியிருக்கிறது அல்லவா? போர்டு எழுத்து படிக்க முடியவில்லை, டிரைவர் சீட்டு மாறியிருக்கிறது. அவர் ஓட்டிய ஊர் மாதிரியே இல்லை. "யாரோ ஒருத்தர்ப்பா" என்று சொல்லிவிட்டேன்.

நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். நிறுத்தங்கள் எல்லாம் இப்போது வலது பக்கம் வந்திருந்தன. அவருக்குத் தெரிகிற பக்கம்.

"ஆள் நிக்குது பாரு, நிறுத்தறானா பாரு" என்றார். அடுத்த நிறுத்தம். "வயசான மனுஷன் கை நீட்டறாரு. கண்ணை எங்க வெச்சிருக்கான் இவன்?" அதற்கடுத்தது. "இவனுக்கு யாரு லைசென்ஸ் குடுத்தது?" அந்த சைக்கிள்காரியை இடித்தபோது நாற்காலியிலேயே காலை அழுத்தி பிரேக் போட்டார். "நிறுத்துடா பாவி" என்றார். பஸ் நிற்கவில்லை. "இவன் கையில வண்டியைக் குடுத்தவனைச் சொல்லணும்" என்றார். அந்த ஆள் செய்த நல்ல காரியமெல்லாம் இப்போது அப்பாவுக்கு இல்லாத பக்கம் போய்விட்டது. தப்பு மட்டும்தான் மிச்சம். எனக்கு நிறுத்திவிடலாமா என்று கை போயிற்று. நிறுத்தவில்லை. ஏன் என்று இப்போதும் தெரியவில்லை.

ஒரு சிக்னல் பச்சைக்கு மாறியது. பஸ் கிளம்பும் முன் ஹாரன் சத்தம் கேட்டது. சின்னதாக இரண்டு தடவை.

உனக்குத் தெரியும். நம்மைப் பள்ளிக்கூடத்தில் இறக்கிவிட்டு அப்பா கிளம்பும்போதும் அப்படித்தான். வேறு எந்த டிரைவரும் அப்படிச் செய்து நாம் கேட்டதில்லை. சத்தத்தைத் திருப்ப முடியாது போலிருக்கிறது, அது நேராகவே வந்தது.

அப்பா பேச்சை நிறுத்திவிட்டார். அவருடைய வலது கட்டைவிரல் மடியில் இரண்டு தடவை மெல்ல அழுந்தியது. அது தானாக அழுந்தியது என்றுதான் நினைக்கிறேன். அடுத்த சிக்னலிலும் இரண்டு ஹாரன். அவர் விரலும் இரண்டு தடவை.

"இது எப்ப எடுத்தது?" என்றார்.

"நேத்து" என்றேன்.

"படம் ஏன் இப்படி இருக்கு?"

"வலது இடமா திரும்பிடுச்சுப்பா. எனக்கு மாத்தத் தெரியல."

"மறுபடி போடு" என்றார். முதலில் இருந்து போட்டேன். இந்தத் தடவை ஒரு வார்த்தை பேசவில்லை. ஒவ்வொரு நிறுத்தத்திலும் நிற்கிறவர்களைப் பார்த்துக்கொண்டே இருந்தார். முடிந்ததும் எழுந்து ரூமுக்குப் போனார். நான் போய்க் கதவருகில் நின்றேன், உள்ளே போகத் தைரியம் வரவில்லை. அழுதேன், உன்னிடம் மறைக்க என்ன இருக்கிறது? நான் சொன்னதுதான் சரி என்று நிரூபித்துவிட்டேன். எனக்கு அதில் ஒரு துளி சந்தோஷம் இல்லை.

கொஞ்ச நேரம் கழித்து வெளியே வந்தார். யூனிஃபார்ம் சட்டை கையில் இருந்தது. பாக்கெட்டில் இருந்து சாவியை எடுத்து லேப்டாப்பின் மேல் வைத்தார். தலையை மெதுவாக இடது பக்கம் திருப்பினார். ரொம்ப தூரம் திருப்ப வேண்டியிருந்தது. நான் அந்தப் பக்கம்தான் நின்றிருந்தேன்.

"அங்கதான் நின்னுட்டிருந்தியா?" என்றார்.

"ஆமாப்பா."

வெள்ளிக்கிழமை டாக்டரிடம் இதைக் காட்டச் சொல்லிவிட்டார், திரும்பியிருப்பது அப்படியே இருக்கட்டுமாம். ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்தால் நான் எடுக்கிறேன். முதலில் என்னிடம் பேசு, பிறகு அவரிடம் தருகிறேன். அவருக்கு சினிமா எப்படிப் போடுவது என்றும், நான் எப்படி ரெக்கார்ட் செய்வது என்றும் எங்கள் இரண்டு பேரையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒரே தடவையாகச் சொல்.

இப்போது இதை எழுதும்போது பக்கத்தில்தான் இருக்கிறார். தம்பிக்கு ஏதாவது எழுத வேண்டுமா என்று கேட்டேன்.

"படம் நல்லா வருதுன்னு எழுது" என்றார்.

அக்கா